இல்லை என்று எழுதிக் கொடுத்தேன்

நான் பிள்ளைகளை அடிக்கிற டீச்சர் இல்லை. இருபத்திரண்டு வருட வேலையில் ஒரு பிரம்புகூட வாங்கியதில்லை. இதைக் கல்யாண வீடுகளில், பஸ்ஸில், பயிற்சி வகுப்புகளில் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறேன். அடிக்காமலே ஒரு பிள்ளையை என்னவெல்லாம் செய்ய முடியும் என்பதை மட்டும் யாரிடமும் சொன்னதில்லை. இப்போது சொல்கிறேன்.

பேரணாம்பட்டுப் பக்கம் ஒரு அரசு உயர்நிலைப் பள்ளியில் தமிழ் எடுக்கிறேன். காற்று தோல் பதனிடும் ஷாப்பு பக்கமிருந்து திரும்பினால் யாரும் சொல்லாமலே பிள்ளைகள் எழுந்து ஜன்னலைச் சாத்துவார்கள். பாதிப் பிள்ளைகளின் கழுத்தில் வீட்டுச் சாவி தொங்கும். அம்மாக்கள் காலை ஏழு மணிக்கு ஷூ கம்பெனி வண்டியில் ஏறினால் திரும்ப இருட்டிவிடும். அந்த வண்டிகள் எங்கள் பள்ளி கேட்டைத் தாண்டித்தான் போகும்.

ஒவ்வொரு வருடமும் பள்ளி திறந்த சில நாட்களில் ஒரு படிவம் வரும். வகுப்பில் மாற்றுத்திறன் பிள்ளைகள் எத்தனை பேர் என்று கட்டம் கட்டமாகக் கேட்டிருப்பார்கள். கண் தெரியாதவர், காது கேளாதவர், கை கால் முடியாதவர் என்று போய்க் கடைசிக் கட்டம் கற்றல் குறைபாடு. முதல் கட்டங்கள் சுலபம், கண்ணுக்குத் தெரியும். கடைசிக் கட்டத்துக்கு ஒவ்வொரு பிள்ளையாகப் பக்கத்தில் உட்காரவைத்துப் பார்க்க வேண்டும். ஒருவர் இருக்கிறார் என்று எழுதினால் அந்த ஒருவருக்காக இன்னும் நான்கு படிவம் வரும், கூட்டத்துக்குக் கூப்பிடுவார்கள், போட்டோ எடுத்து அனுப்பச் சொல்வார்கள்.

தலைமையாசிரியர் படிவத்தை என் மேசையில் வைத்துவிட்டு, "போன வருஷம் மாதிரியே போட்டுக் குடுத்துடுங்க டீச்சர். நமக்கு இன்னாத்துக்கு பேஜாரு" என்பார்.

நான் 'இல்லை' என்று எழுதுவேன். என் கையெழுத்து அழகாக இருக்கும். பள்ளிக்கு வரும் அதிகாரிகள் அதைப் பார்த்துப் பாராட்டியிருக்கிறார்கள்.

அந்தப் பெண் எட்டாம் வகுப்பில் என்னிடம் வந்தாள். மூன்று வருடம் நான்தான் அவளுக்குத் தமிழாசிரியரும் வகுப்பாசிரியரும். மூன்று வருடமும் அவள் வகுப்புக்கு 'இல்லை' என்றுதான் எழுதினேன்.

எட்டாம் வகுப்பில் சேர்ந்த மாதமே அவள் அம்மா என்னைப் பார்க்க வந்தார். ஷூ கம்பெனியில் பசை ஒட்டுகிற பேஸ்டிங் டேபிளில் வேலை. புடவையில் அந்தப் பசை சொல்யூஷன் வாடை அடித்தது. என்னைவிட வயதில் மூத்தவர். நான் வா, போ என்றுதான் பேசினேன். கம்பெனியிலிருந்து வருகிற அம்மாக்களிடம் நாங்கள் எல்லோரும் அப்படித்தான் பேசுவோம்.

"டீச்சர், பாப்பாவுக்கு எழுத்து தங்க மாட்டேங்குது. வாயால கேட்டா எல்லாம் சொல்றா. புஸ்தகத்த குடுத்தா ஒன்னும் வரல. ஆறாவதுலயும் வந்து சொன்னேன். கொஞ்சம் பாருங்க."

"வீட்ல டிவிய நிறுத்தும்மா. எல்லாம் தங்கும்."

"எங்க வீட்ல டிவி இல்ல டீச்சர்."

"அப்ப செல்ல புடுங்கி வை."

அவர் தலையாட்டிவிட்டுப் போனார். அரை நாள் லீவு போட்டு வந்தவர். நான் அவரிடம் பேசியது இரண்டு நிமிஷம்.

அதற்குப் பிறகு அந்தப் பெண்ணைப் பற்றி எனக்கு ஒரு குறையும் தெரியவில்லை. கேள்வி கேட்டால் முதல் ஆளாகக் கை தூக்குவாள். பாடத்தை வாசிக்கச் சொன்னால் விரலை வரியில் வைத்துக் கணீரென்று வாசிப்பாள். பரீட்சைத் தாள் மட்டும் குப்பையாக இருக்கும். எழுத்துகள் ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு நிற்கும், பாதி வார்த்தை காணாமல் போயிருக்கும். சோம்பேறி என்று முடிவு கட்டினேன். தாளின் ஓரத்தில் சிவப்பு மையில் 'அக்கறை இல்லை' என்று எழுதினேன். அவளால் அதைப் படிக்க முடியாது என்பது அப்போது எனக்குத் தெரியாது.

ஒன்பதாம் வகுப்பில் ஒரு நாள் டெங்கு பற்றி ஒரு சுற்றறிக்கை வந்தது. எல்லா வகுப்பிலும் வாசித்துக் காட்டச் சொல்லி உத்தரவு. எனக்குத் தொண்டை கட்டியிருந்தது. நன்றாக வாசிக்கிறவள் என்று அவளைக் கூப்பிட்டுத் தாளைக் கையில் கொடுத்தேன்.

அவள் விரலை முதல் வார்த்தையில் வைத்தாள். அப்படியே நின்றாள்.

"இன்னா, வாயில கொழுக்கட்டையா? வாசி."

"கண்ணு வலிக்குது மிஸ்."

பின்னால் யாரோ சிரித்தார்கள். எனக்குச் சந்தேகம் வந்தது. தமிழ்ப் புத்தகத்தில் இன்னும் நடத்தாத ஒரு பாடத்தைத் திறந்து நீட்டினேன். ஒரு வார்த்தைகூட வரவில்லை. நேற்று நடத்திய பாடத்தைத் திறந்தேன். தடங்கல் இல்லாமல் சொன்னாள். ஆனால் அவள் வாய் ஒரு வரியில் இருந்தது, விரல் வேறு வரியில் இருந்தது. பக்கத்தில் உட்காருகிற தோழி மதியச் சாப்பாட்டு நேரத்தில் பாடத்தை வாசித்துக் காட்டுவாளாம், இவள் காதால் கேட்டு அப்படியே வைத்துக்கொள்வாளாம், பதிலுக்குத் தோழியின் கணக்கை இவள் போட்டுக் கொடுப்பாளாம். ஒன்பதாம் வகுப்புப் பாடம் முழுவதையும் ஒரு பிள்ளை காதால் கேட்டே மனதில் வைத்திருக்கிறாள். அறிவுள்ள ஆள் அதைப் பார்த்து வியந்திருப்பாள். எனக்கு வந்தது கோபம். ஒன்றரை வருடமாக என்னை ஏமாற்றியிருக்கிறாள், நாற்பது பிள்ளைகளுக்கு எதிரில் என்னை முட்டாளாக்கிவிட்டாள் என்பதுதான் எனக்குத் தோன்றியது.

எங்கள் காம்பவுண்டிலேயே தொடக்கப் பள்ளியும் இருக்கிறது.

"போ. ஒன்னாங்கிளாஸ்ல போய் உட்காரு. அ, ஆ கத்துக்கிட்டு வா" என்றேன்.

அவள் புத்தகப் பையை எடுத்துக்கொண்டு போனாள். ஒரு மணி நேரத்தில் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு வருவாள் என்று நினைத்தேன். வரவில்லை. அடுத்த நாளும் நேராக அங்கேதான் போனாள். நான்கு நாள். அந்தக் குட்டை பெஞ்சில் முழங்கால் நெஞ்சில் இடிக்க உட்கார்ந்திருந்தாள். எங்கள் வகுப்புப் பிள்ளைகள் தண்ணீர் குடிக்கிற சாக்கில் போய் எட்டிப் பார்த்து வந்தார்கள். ஆசிரியர் அறையில் கணக்கு சார், "ஒன்னாங்கிளாஸ்ல ஒரு அட்மிஷன் ஜாஸ்தி ஆயிடுச்சாமே டீச்சர்" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். டீ குடித்துக்கொண்டே சிரித்தேன். அந்தச் சிரிப்பு இன்றும் என் காதில் கேட்கிறது.

ஐந்தாம் நாள் தொடக்கப் பள்ளி டீச்சரே அவளைக் கையைப் பிடித்துக் கூட்டி வந்து விட்டார். "எனக்கு இவ இருந்தா நல்லதுதான். பசங்களுக்கு மூக்கு சிந்திவிடறா, சண்டைய தீத்து வைக்கிறா. ஆனா வயசுக்கு வந்த பொண்ணு, வேணாம் விடுங்க" என்றார். நான் பெரிய மனசு பண்ணுகிறவள்போல, "போய் உட்காரு" என்றேன்.

அதற்குப் பிறகு அவள் கை தூக்குவதை நிறுத்திவிட்டாள்.

புதன்கிழமைகளில் மாற்றுத்திறன் பிள்ளைகளுக்கான ஒரு சிறப்பாசிரியை எங்கள் பள்ளிக்கு வருவாள். சின்ன வயது. ஒப்பந்த வேலை. ஒரு பழைய ஸ்கூட்டரில் வாரம் முழுவதும் பள்ளி பள்ளியாகச் சுற்றுகிறவள். என் வகுப்பு வாசலுக்கு வந்தால், "இங்க அப்படி யாரும் இல்லம்மா, அடுத்த கிளாஸ் பாரு" என்று வாசலிலேயே அனுப்பிவிடுவேன்.

அந்தப் பெண் பத்தாம் வகுப்புக்கு வந்த வருடம், ஆடி மாதத்தில் ஒரு புதன்கிழமை, சிறப்பாசிரியையின் ஸ்கூட்டர் கிளம்பவில்லை. அந்தப் பெண் போய்க் குனிந்து பிளக்கைக் கழற்றித் துடைத்து மாட்டி ஒரே உதையில் கிளப்பிக் கொடுத்தாள். அவளுடைய மாமா டூவீலர் ஷாப்பு வைத்திருக்கிறார். சிறப்பாசிரியை சந்தோஷப்பட்டு, வண்டியின் சர்வீஸ் புத்தகத்தை நீட்டி, "இதுல எப்ப ஆயில் மாத்தணும்னு போட்டிருக்கு, பாரேன்" என்றிருக்கிறாள்.

"எனக்கு படிக்க வராது மேடம்" என்றாளாம் அவள்.

இரண்டு வருடத்துக்கு மேல் என்னிடம் சொல்ல முடியாததை, பெயர்கூடத் தெரியாத ஒருத்தியிடம் ஒரு நிமிஷத்தில் சொல்லிவிட்டாள்.

அடுத்த மூன்று புதன்கிழமையும் சிறப்பாசிரியை அவளை வராண்டாவில் உட்காரவைத்து ஏதேதோ எழுதச் சொன்னாள், வாசிக்கச் சொன்னாள், படம் காட்டிக் கேட்டாள். பிறகு என்னிடம் வந்தாள்.

"மேடம், அந்தப் பொண்ணு படிக்காம இல்ல. எவ்ளோ பாத்தாலும் எழுத்து அவளுக்கு நிக்க மாட்டேங்குது. அறிவு கம்மி கிடையாது. டிஸ்லெக்சியான்னு சொல்வாங்க. டாக்டர் பாத்து உறுதி பண்ணணும்."

"பேரு நல்லா இருக்கு. எங்க காலத்துல இதுக்குப் பேரு சோம்பேறித்தனம்."

அவள் சிரிக்கவில்லை. "உங்க காலத்துலயும் இவங்க இருந்திருப்பாங்க மேடம். அவங்கள்லாம் எங்க போனாங்கன்னு யோசிச்சுப் பாருங்க" என்றாள்.

யோசிக்க வேண்டிய வேலையே இல்லை. என்னோடு படித்தவர்களில் யார் யார் எட்டாவதோடு நின்றார்கள், யார் பீடி சுற்றப் போனார்கள், யார் தோல் ஷாப்புக்குப் போனார்கள் என்று எனக்குத் தெரியும். நான் டீச்சர் வேலைக்கு வந்த பிறகு என் வகுப்பிலிருந்து போனவர்களையும் தெரியும். காலையில் வண்டி வண்டியாகக் கேட்டைத் தாண்டிப் போகிறார்கள். வணக்கம் வேறு வைக்கிறார்கள்.

சிறப்பாசிரியை அவளுக்குச் சொல்லிக்கொடுத்தது பெரிய மந்திரம் ஒன்றும் இல்லை. ஒரு அட்டை. நடுவில் நீளமாக ஒரு சந்து வெட்டியது. புத்தகத்தின் மேல் வைத்தால் ஒரு வரி மட்டும் தெரியும், மற்ற வரிகள் மறைந்துவிடும். அம்மா கம்பெனியிலிருந்து கொண்டுவந்த, ஷூவுக்குள் வைக்கிற இன்சோல் அட்டையில் அவளே அளவெடுத்து வெட்டினாள். ஒவ்வொரு எழுத்தையும் மணலில் விரலால் எழுதி, வாயால் சொல்லி, பிறகு தாளில். வாரத்தில் ஒரு நாள்தான் சிறப்பாசிரியையால் வர முடியும். மற்ற நாட்களில் இவள் தானாகவே செய்தாள். ஐப்பசி வாக்கில் ஒரு வரியை இரண்டு மூன்று நிமிஷத்தில் வாசித்தாள். வியர்த்துவிடும் அவளுக்கு. ஆனால் வாசித்தாள்.

அந்த வேகத்தில் பொதுத்தேர்வு எழுத முடியாது. டாக்டர் சான்றிதழ் இருந்தால் சொல்வதை எழுத ஒருவரைப் போடுவார்கள், ஒரு மணி நேரம் கூடக் கொடுப்பார்கள். அரையாண்டுக்கு முன்னால் சான்றிதழோடு விண்ணப்பம் போக வேண்டும். இல்லாவிட்டால் அவள் தானே எழுதி, தமிழிலேயே போய்விடுவாள். பத்தாவது முடித்தால் ஐ.டி.ஐ.யில் மெக்கானிக் படிக்க மாமா சேர்த்துவிடுவதாகச் சொல்லியிருந்தார். முடிக்காவிட்டால் வீட்டில் உட்கார்ந்து ஷூவின் மேல்பாகத்துக்குக் கைத்தையல். வேலை கொடுக்கிற ஆளிடம் அம்மா பேசிக்கூட வைத்திருந்தார்.

விண்ணப்பம் வகுப்பாசிரியர் வழியாகத்தான் போக வேண்டும், அதனால் அவள் அம்மாவை வரச் சொன்னேன். சான்றிதழ் என்றதும் பயந்துவிட்டார்.

"பைத்தியம்னு எழுதிக் குடுத்துடுவாங்களா டீச்சர்? நாளைக்கு இவள யாரு கட்டிக்குவாங்க?"

"பைத்தியம் இல்லம்மா. படிக்கிறதுல மட்டும் ஒரு கஷ்டம். அவ்ளோதான்."

"அப்ப நான் சொன்னனே அன்னைக்கு, எழுத்து தங்க மாட்டேங்குதுன்னு. அதுதானா இது?"

மேசையில் இருந்த பேனாவை எடுத்து மூடி போட்டேன். அவரே பேசினார். குத்திக்காட்டப் பேசவில்லை, அவருக்கு அந்தப் பழக்கமே கிடையாது. "எங்க கம்பெனில ஒரு ஜோடு திரும்பி வந்தா உள்ள ஒரு நம்பரு இருக்கும் டீச்சர். எந்த டேபிள்ல தப்பு நடந்துச்சுன்னு தெரிஞ்சிடும். கூப்ட்டு நிக்க வச்சி கேப்பாங்க. இவளுக்கு எங்க தப்பு ஆச்சுன்னுதான் எனக்கு தெரியல. வயித்துல இருக்கும்போது நான் சொல்யூஷன் டேபிள்ல இருந்தேன். அதனாலயா?"

"அதெல்லாம் இல்ல" என்றேன். எந்த டேபிள் என்று எனக்குத் தெரியும்.

சம்மதித்தார். நான் தலைமையாசிரியரிடம் போனேன். அவர் பழைய கோப்பைத் திறந்து என் பக்கம் திருப்பினார். மூன்று படிவம். மூன்றிலும் கடைசிக் கட்டத்தில் என் அழகான கையெழுத்து. கீழே அவர் கையெழுத்து.

"ஆஸ்பத்திரில ஸ்கூல் ரிப்போர்ட் கேப்பாங்க டீச்சர். ஜூன்ல கூட இல்லன்னு குடுத்துட்டு, இப்ப இருக்குன்னா? பாஸ் போட வைக்க டிராமா பண்றாங்கன்னு சொல்வாங்க. இல்லன்னா நம்மள பொய் ரிப்போர்ட்டுன்னு புடிப்பாங்க. ரெண்டு பேருக்கும் மெமோ."

"இப்ப இன்னா சார் பண்றது?"

"அம்மாகிட்ட ஒரு லெட்டர் வாங்குங்க. வீட்டுல தெரிஞ்சிருந்தும் ஸ்கூலுக்குச் சொல்லலன்னு. முடிஞ்சுது."

அவர் சொன்னார், நான் செய்தேன் என்று எழுதினால் பாதிப் பழி அவர் மேல் போகும். போகட்டும், அவருக்கும் பங்கு உண்டு. ஆனால் அந்தக் கடிதத்தை எழுதியது நான். அன்று சாயங்காலமே உட்கார்ந்து நல்ல தமிழில் எழுதினேன். 'என் மகளுக்குச் சிறு வயது முதலே வாசிப்பதில் குறைபாடு இருப்பது எனக்குத் தெரியும். இதனைப் பள்ளிக்குத் தெரிவிக்காமல் மறைத்துவிட்டேன். இதில் ஆசிரியர்கள் மீது எந்தத் தவறும் இல்லை.' கடைசி வரி தலைமையாசிரியர் சொல்லாதது. நானாகச் சேர்த்தேன்.

அம்மாவுக்குக் கையெழுத்துப் போட மட்டும் தெரியும். மறுநாள் சீக்கிரமே பள்ளி கேட்டில் போய் நின்றேன். கம்பெனி வண்டியை நிறுத்திவிட்டு ஓடி வந்தார்.

"இன்னா டீச்சர் எழுதியிருக்கு?"

"ஒன்னும் இல்லம்மா. பாப்பாவ ஆஸ்பத்திரில காட்டணும்னு ஒரு லெட்டர். போடு."

டிரைவர் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தார். அம்மா தன் பெயரின் நான்கு எழுத்தையும் நிதானமாக, ஒன்றொன்றாகப் போட்டார். போட்டுவிட்டு, "சரியா இருக்கா டீச்சர்?" என்று கேட்டார். சரியாக இருக்கிறது என்றேன்.

ஒரு வியாழக்கிழமை மூன்று பேரும் வேலூர் அரசு ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினோம். அம்மா அந்த வாரம் முழுவதும் ஷிப்மெண்ட் என்று ஓவர்டைம் பார்த்திருந்தார். குடியாத்தம் வருவதற்குள் முன் சீட்டில் தலை சாய்ந்து தூங்கிவிட்டார். பின் சீட்டில் நானும் அவளும். கோப்பு அவள் மடியில் இருந்தது.

குடியாத்தத்தில் பஸ் கால் மணி நேரம் நின்றது. அவள் பையிலிருந்து அட்டையை எடுத்து, கோப்பில் இருந்த ஏதோ ஒரு தாளின் மேல் வைத்து வாசிக்க ஆரம்பித்தாள். நான் செல்லில் மெசேஜ் பார்த்துக்கொண்டிருந்தேன். டாக்டர் வாசிக்கச் சொல்வார் என்று பயிற்சி எடுக்கிறாள் என்று நினைத்தேன். "படி, படி" என்றுகூடச் சொன்னேன். உதடு மட்டும் அசைந்தது. ஒரு வரி முடிந்தால் அட்டையைக் கீழே நகர்த்துவாள். சில இடத்தில் மேலே ஏற்றுவாள். பஸ் கிளம்பியது. பள்ளிகொண்டா தாண்டியது. பெரிய ரோட்டில் ஏறிய பிறகு என்னைக் கூப்பிட்டாள்.

"மிஸ், இது 'மறைத்துவிட்டேன்' தானே?"

"எங்க, காட்டு."

அவள் விரல் கடிதத்தின் மேல் இருந்தது. இந்த முறை விரல் சரியான வரியில் இருந்தது.

அவள் மீதி வரியையும் முடித்தாள். முடிக்கிற வரைக்கும் நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். பிடுங்கியிருக்கலாம். பிடுங்கக் கை போகவில்லை. 'எந்தத் தவறும் இல்லை' என்ற இடத்தில் வெகு நேரம் நின்றாள். பிறகு அட்டையை எடுத்துப் பைக்குள் வைத்தாள்.

"எங்கம்மா எங்க மிஸ் மறைச்சாங்க? ஆறாவதுல வந்து சொன்னாங்க. எட்டாவதுல உங்ககிட்ட வந்து சொன்னாங்க. நான் வெளிய நின்னுட்டு இருந்தேன். டிவிய நிறுத்துன்னு சொன்னீங்க."

"மெதுவா பேசு. அம்மா தூங்கறாங்க."

இதுதான் என் வாயில் வந்தது. ஐம்பது வயதை நெருங்குகிறேன், தமிழ் முதுகலை படித்திருக்கிறேன், என் வாயில் வந்தது இதுதான்.

"இத குடுக்காதீங்க மிஸ்" என்றாள். குரல் உயரவில்லை.

"இது இல்லன்னா சர்டிபிகேட் கிடைக்கிறது கஷ்டம். உனக்குத்தான் நஷ்டம்."

"பரவால்ல. நான் கைத்தையலுக்குப் போய்டறேன். இத குடுக்காதீங்க."

"சரி, கொண்டா."

"இது எங்கிட்ட இருக்கட்டும்."

கடிதத்தை நான்காக மடித்து அட்டையோடு சேர்த்துப் பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தாள். அதற்குப் பிறகு வேலூர் வரைக்கும் ஜன்னலைப் பார்த்தபடி வந்தாள்.

ஆஸ்பத்திரியில் மனநலப் பிரிவு என்று பெரிதாகப் போர்டு. அம்மா அதைப் பார்த்து நின்றார். "இன்னா போட்டிருக்கு?" என்று மகளைக் கேட்டார். அவள் அண்ணாந்து பார்த்தாள். முழுவதும் வாசித்தாள் என்று அவள் முகத்திலேயே தெரிந்தது. "டாக்டர் ரூம்னு போட்டிருக்கும்மா, வா" என்றாள்.

காலையிலிருந்து பிற்பகல் வரை அவளுக்குப் பரீட்சை. கடைசியில் டாக்டரம்மா எங்களை உள்ளே கூப்பிட்டார். இது சந்தேகமே இல்லாமல் டிஸ்லெக்சியாதான், பொதுவாக இந்தப் பெண் நல்ல புத்திசாலி என்றார். பிறகு பள்ளி அறிக்கையைப் புரட்டினார்.

"ஒன்னும் இல்லன்னு எழுதியிருக்கீங்க. மூணு வருஷமா. இத மேல யாராவது கேட்டா நான் இன்னா சொல்றது? வீட்ல யாருக்கும் தெரியலியா?"

அம்மா என் முகத்தைப் பார்த்தார். "எனக்கு பேசத் தெரியாதுங்க. டீச்சர்தான் லெட்டர் எழுதினாங்க. டீச்சர், அந்த லெட்டர குடுங்க" என்றார்.

அந்தப் பெண் பையை மடியில் வைத்துக் கட்டிப்பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்க்கவில்லை. அவள் என்னைப் பார்த்திருந்தால் அவள் கேட்டதால் சொன்னேன் என்றாவது ஆகியிருக்கும்.

"அந்த ரிப்போர்ட் தப்பு டாக்டர். பாக்காமலே எழுதினேன். இந்தம்மா எட்டாவதுலயே எங்கிட்ட வந்து சொன்னாங்க. நான்தான் காதுல வாங்கல."

டாக்டரம்மா ஒரு வெள்ளைத் தாளை என் பக்கம் தள்ளினார். "எழுதிக் குடுங்க."

எழுதினேன். நான்கு வரி. எழுத்துகள் ஒன்றோடொன்று முட்டிக்கொண்டு நின்றன. அம்மாவுக்கு என்ன நடக்கிறது என்று புரியவில்லை. வெளியே வந்ததும், "எங்களுக்காக பழிய உங்க மேல போட்டுக்கினீங்களே டீச்சர்" என்று என் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். நான் இல்லை என்று சொல்லவில்லை. அவருக்குப் பின்னால் அவர் மகள் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

சான்றிதழ் வந்தது. எனக்கு மெமோ வந்தது. தலைமையாசிரியருக்கும் வந்தது. அவர் ஓய்வு பெறுகிற வரைக்கும் என்னோடு பேசவில்லை. மெமோவுக்கு நான் எழுதிய விளக்கத்திலும் 'பணிச்சுமை' என்று ஒரு வார்த்தை சேர்த்தேன். ஒன்றாம் வகுப்பு விஷயத்தை எழுதவில்லை. யாரும் கேட்கவில்லை, நானும் எழுதவில்லை.

பொதுத்தேர்வில் அவள் சொல்லச் சொல்ல வேறு பள்ளி டீச்சர் ஒருவர் எழுதினார். எல்லாப் பாடத்திலும் தேறினாள். தமிழில் எங்கள் பள்ளியில் இரண்டாவது. மூன்று வருடமாக அவள் மூளையில் இருந்ததை முதல் முறையாக ஒருவர் தாளில் இறக்கினார், அவ்வளவுதான்.

டி.சி. வாங்க வந்தபோது வராண்டாவில் அவளைத் தனியாக நிறுத்தினேன்.

"அன்னைக்கு உன்ன ஒன்னாங்கிளாஸ்ல..." என்று ஆரம்பித்தேன். முடிக்கத் தெரியவில்லை.

"அங்க நல்லாதான் இருந்துச்சு மிஸ். அதுங்க யாரும் சிரிக்கல."

அதற்கு மேல் அதைப் பற்றிப் பேச இடமில்லை. வேறு ஒன்று கேட்டேன். "அந்த லெட்டர கிழிச்சுப் போட்டுட்டியா?"

"இல்ல மிஸ். வச்சிருக்கேன்."

"எங்கிட்ட குடுத்துடு. நானே கிழிச்சிடறேன்."

அவள் கொஞ்சம் யோசித்தாள். "நான் மொத மொதல்ல முழுசா படிச்ச லெட்டரு அது. இருக்கட்டும் மிஸ். எங்கம்மாவுக்கு ஒரு நாள் படிச்சிக் காட்டணும்" என்றாள். பயமுறுத்துவதற்காகச் சொல்லவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னாள். வணக்கம் சொல்லிவிட்டு, கேட் பக்கம் மாமாவின் வண்டி நின்ற இடத்துக்குப் போனாள். இப்போது ஐ.டி.ஐ.யில் இரண்டாம் வருடம்.

இந்த ஜூனிலும் படிவம் வந்தது. என் வகுப்பில் நான்கு பெயர் எழுதினேன். புதிய தலைமையாசிரியர், "ஒரே கிளாஸ்ல நாலா டீச்சர்? ஜாஸ்தியா தெரியல?" என்றார். "கம்மியா இருக்கும் சார். இன்னும் பாத்து முடிக்கல" என்றேன். இதைப் பெருமைக்காக எழுதவில்லை. இருபத்திரண்டு வருடத்தில் எத்தனை நான்கு என்று கணக்குப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

காலைச் சிறப்பு வகுப்புக்காக ஏழு மணிக்கே வந்து நான் கேட்டில் நிற்கிற நாட்களில் கம்பெனி வண்டி தாண்டிப் போகும். ஜன்னலோரத்தில் அந்த அம்மா. என்னைப் பார்த்துவிட்டால் சிரித்துக் கையை ஆட்டுவார். பக்கத்தில் இருப்பவளிடம் என்னைக் காட்டி ஏதோ சொல்வார். நானும் கையை ஆட்டுகிறேன். மகள் அந்தக் கடிதத்தை இன்னும் படித்துக் காட்டவில்லை என்று தெரிந்துகொண்டு உள்ளே போகிறேன்.